கணுக்காலுக்கு மேலே ஒரு கோடு

ரதோய்கோவின் வலது காலில் ஆறாத புண். மனிதர் சர்க்கரை வியாதிக்காரர். சொன்ன பேச்சைக் கேட்கிற ஜென்மமும் இல்லை. வாரம் இரண்டு தடவை ஊர் நர்ஸ் விதோசவா வந்து கட்டு மாற்றுவாள். அன்றைக்குக் கட்டைப் பிரித்ததும் அவள் முகம் மாறியது. புண்ணைச் சுற்றிச் சிவப்பு படர்ந்திருந்தது, தொட்டால் சுட்டது. பையிலிருந்து கறுப்புப் பேனாவை எடுத்து, சிவப்பின் ஓரத்தை ஒட்டிக் கோடு போட்டாள்.

“என் கால்ல எல்லை போடுறியே, பக்கத்து நாட்டுக்காரன் படையெடுத்து வர்றானா?” என்றார் ரதோய்கோ.

“வருவான் மாமா. வந்தா காலோட விடமாட்டான்.” அவர் மனைவி தெசாங்காவிடம் திரும்பினாள். “அத்தை, இந்த மருந்தை வேளைக்குக் குடுங்க. கால் தூக்கியே இருக்கணும். சிவப்பு இந்தக் கோட்டைத் தாண்டினா அந்த நிமிஷமே எனக்குப் போன் பண்ணுங்க. ரத்தத்துல ஏறிட்டா ஆளையே கொண்டுபோயிடும்.”

தெசாங்கா தலையாட்டினாள். ஆனால் மறுநாள் புனித நிக்கோலாவின் நாள். அவர்தான் அந்த வீட்டைக் காக்கிற புனிதர். பாதிரியார் வருவார், உறவு முழுக்கச் சாப்பிட வரும். வீட்டுக்காரன் அன்று உட்காரக் கூடாது. நின்றபடியேதான் விருந்தாளிகளைக் கவனிக்க வேண்டும். ரதோய்கோவா உட்காருவார்? அப்படியொரு வீம்பு.

காலையில் அவரைக் குளிப்பாட்டினாள். புனிதருக்கு ஏற்றுகிற மெழுகுவர்த்தி முன்னால் அழுக்கு உடம்போடு நிற்க முடியுமா? மூன்று நாளாக வீடு முழுக்கத் தேய்த்த கை, காலையும் சோப்புப் போட்டுத் தேய்த்துவிட்டது. கோடு போயே போய்விட்டது.

அவளுக்குப் பகீரென்றது. போன் செய்திருக்கலாம். செய்தால் விதோசவா உடனே ஆஸ்பத்திரிக்கு ஏற்றிவிடுவாள், வந்தவர்கள் வெறும் வீட்டைப் பார்த்துவிட்டுப் போவார்கள். ஊறுகாய் ஜாடிகளில் வருஷம் எழுதுகிற கறுப்பு மார்க்கரை எடுத்து, இப்போது சிவப்பு எங்கே முடிகிறதோ அங்கே ஒரு கோடு போட்டாள். பழைய கோடு இதைவிடக் கீழே இருந்ததோ என்று ஒரு சந்தேகம். அடுப்பில் மீன் கருகுகிற வாசனை வந்தது, ஓடிவிட்டாள்.

இருட்டும்வரை ரதோய்கோ நின்றார். காய்ச்சல் தெரியாமலிருக்க மாத்திரை விழுங்கிக்கொண்டே நின்றார்.

மறுநாள் விதோசவா வந்து பார்த்தாள். மாத்திரை வேகத்தில் உடம்பு சுடவில்லை. “நல்லவேளை அத்தை, கோட்டைத் தாண்டல. மருந்து கேக்குது.”

தெசாங்காவுக்கு உண்மை வாய்வரை வந்தது. ஆனால் அந்த வார்த்தை காதுக்கு எவ்வளவு இதமாக இருந்தது! நர்ஸே சொல்லிவிட்டாள், பிறகென்ன என்று மனசைத் தேற்றிக்கொண்டாள்.

அதற்கடுத்த நாள் அவர் நடுங்கினார், செத்துப்போன தம்பியைக் கூப்பிட்டுப் பேசினார். ஆம்புலன்ஸ் பனியில் மலையேறி வருவதற்குள் எல்லாம் முடிந்துவிட்டது.

உடம்பைக் கழுவும்போது தண்ணீர்ப் பாத்திரத்தைப் பிடித்துக்கொண்டு நின்றது விதோசவாதான். அழுது அழுது அவள் கண் வீங்கியிருந்தது.

“நான்தான் கொன்னுட்டேன் அத்தை. என் கையால போட்ட கோடு. அதைப் பார்த்துட்டு நல்லாயிருக்குன்னு சொன்னேனே.”

தெசாங்கா காலைத் தேய்த்தாள். சோப்புப் போட்டாள், சாராயம் ஊற்றித் தேய்த்தாள். சிவப்பு முழங்காலைத் தாண்டிப் போயிருந்தது. கீழே கோடு அப்படியே இருந்தது. வருஷக்கணக்கில் ஜாடியைவிட்டுப் போகாத மை, இதிலிருந்து மட்டும் போய்விடுமா?

துணியைக் கீழே போட்டாள்.

“அழாத விதா. அது நீ போட்ட கோடு இல்ல. உன் கோட்டை நான் அன்னைக்கே கழுவிட்டேன்.”