பச்சைச் சட்டைக்காரனுக்குச் சாவில்லை

வயர் என்பது அவனுக்கு வைத்த பேர் இல்லை. ஆனால் வீட்டில் யாரும் அவனை வேறு பேர் சொல்லிக் கூப்பிட்டதும் இல்லை. சின்ன வயதில் உடம்பே வயர் மாதிரி இருந்தது. வளர்ந்த பிறகு கையிலும் எப்போதும் ஒரு வயர். ஒரு காப்பீட்டு அலுவலகத்தில் கம்ப்யூட்டர்களைப் பார்த்துக்கொள்ளும் வேலை. சொந்தத்தில் யார் வீட்டு டிவி மக்கர் பண்ணினாலும் "வயரைக் கூப்பிடு" என்பார்கள், இவனும் கூப்பிட்ட குரலுக்கு ஓடுவான். யார் முகம் வாடினாலும் அவனால் பொறுக்க முடியாது. நல்ல குணம்தான், யார் இல்லை என்றது? ஆனால் இந்த நல்ல குணம் இருக்கிறதே, சில நேரம் அது பண்ணுகிற அநியாயத்தைக் கெட்ட குணம்கூடப் பண்ணாது.

அவனுடைய அண்ணன் சரக்கு முனையத்தில் கிரேன் ஓட்டுகிறவர். உச்சியில் ஒரு கண்ணாடிக் கூண்டு, அதற்குள் ஒரு நாற்காலி, இரண்டு பக்கமும் இரண்டு கைப்பிடி. அங்கே உட்கார்ந்துகொண்டு வீட்டளவு இரும்புப் பெட்டியைத் தூக்கி, தூங்குகிற குழந்தையைப் படுக்க வைப்பதுபோல் லாரியில் இறக்குவார். அப்படிப்பட்ட மனிதருக்கு லேசான பக்கவாதம் வந்துவிட்டது. பேச்சு திரும்பியது, கால் திரும்பியது, வலது கை மட்டும் வருவேனா என்று அடம்பிடித்தது. கைக்குப் பயிற்சி கொடுக்கும் பிசியோதெரபிஸ்ட் அம்மா ஒரு ரப்பர் பந்தைக் கொடுத்து அமுக்கிக்கொண்டே இருக்கச் சொன்னார். அண்ணனும் அமுக்கினார், சலித்தார், ஒருநாள் அந்தப் பந்தை ஜன்னல் வழியாக வீசிவிட்டார். அதுவும் இடது கையால்.

"பட்டன் அமுக்குற மாதிரி ஏதாவது விளையாட்டு இருந்தா விரல் நல்லா வேலை செய்யும்" என்று அந்த அம்மா அண்ணியிடம் சொல்ல, அண்ணி வயரிடம் சொல்ல, அவனுக்குக் கால் தரையில் பாவவில்லை.

அண்ணன் வீட்டு டிவிக்குப் பின்னால் ஏற்கெனவே அவன் ஒட்டிவைத்த குட்டிப் பெட்டி ஒன்று இருந்தது. படம், பாட்டு, கல்யாண வீடியோ எல்லாவற்றையும் ஒரே திரையில் அடுக்கிக் காட்டும் மீடியா சென்டர். அதிலேயே பழைய வீடியோ கேம்களையும் ஏற்றலாம் என்று வந்து உட்கார்ந்தான். அந்தக் காலத்து எந்த மெஷினில் ஆடிய கேமோ, அதற்கென்று ஒரு ஃபோல்டர். ஒவ்வொரு கேமுக்கும் அட்டைப்படத்தை அதுவே தேடி ஒட்டிக்கொள்ளும். ஒரு கார்ப் பந்தயத்துக்கு மீன்பிடி விளையாட்டின் படத்தை ஒட்டியது. "புத்திசாலிப் பெட்டிதான் போ" என்று திட்டிக்கொண்டே கையால் திருத்தினான். கடைசியில் ஜாய்ஸ்டிக்கில் எது எந்தப் பட்டன் என்று பெட்டிக்குச் சொல்லிக்கொடுக்க வேண்டும். மேலே அமுக்கு என்று திரை சொல்லும், கொஞ்சம் பொறுக்கும், அமுக்காவிட்டால் தானாகவே அடுத்ததற்குப் போய்விடும். அண்ணனின் கட்டைவிரல் மேல் பட்டனுக்குப் போய்ச் சேர்வதற்குள் திரை கீழ் பட்டனைக் கேட்க ஆரம்பித்திருந்தது.

"இது நம்மள மதிக்காது போலடா" என்று அண்ணன் சிரித்தார். வயரும் சிரித்தான். அண்ணி சிரிக்கவில்லை.

பட்டனையெல்லாம் வயரே அமுக்கி முடித்தான். பிறகு சின்ன வயதில் இருவரும் விழுந்து விழுந்து ஆடிய ஆட்டத்தைப் போட்டான். அதற்கு என்னவோ பெரிய பேர் உண்டு, அவர்களுக்கு அது பச்சைச் சட்டைக்காரன்தான். பச்சைச் சட்டை போட்ட ஒருத்தன் ஓடுவான், பள்ளம் வரும், தாண்டணும், அவ்வளவுதான் கதை. அந்தக் காலத்தில் அண்ணன் கண்ணை மூடிக்கொண்டு தாண்டுவார். இப்போது முதல் பள்ளத்திலேயே விழுந்தார். மறுபடி விழுந்தார். மறுபடியும். ஜாய்ஸ்டிக் மடியிலிருந்து நழுவிக் கீழே விழுந்தது. அதை எடுக்கக் குனிந்தவர் எடுக்காமல் அப்படியே இருந்தார்.

"எடுத்துட்டுப் போடா. உனக்கு வேற வேலை இல்ல?" என்று எழுந்து குளியலறைக்குப் போய்க் கதவைச் சாத்திக்கொண்டார்.

அந்தக் கதவு சாத்திய சத்தம் வயருக்குப் பொறுக்கவில்லை. பழைய கேம்களோடு கூடவே ஏமாற்று வழிகளின் பட்டியல் ஒன்றும் வரும். விழுந்தாலும் சாகாத உயிர், பள்ளத்தில் விழுந்தவனைத் தானே மேலே தூக்கிவிடும் வசதி, இன்னும் என்னென்னவோ. அண்ணன் முகம் கழுவிவிட்டு வருவதற்குள் வயர் இரண்டையும் போட்டுவிட்டான். போதாதென்று ஆட்டத்தின் வேகத்தையும் குறைத்தான். வேகம் குறைந்தால் பாட்டு இழுக்கும், அதனால் பாட்டை அடியோடு நிறுத்தினான். காரியக்காரன்!

"ஒரே ஒரு தடவை ஆடுண்ணா. எனக்காக."

அண்ணன் ஆடினார். முதல் பள்ளத்தைத் தாண்டினார். இரண்டாவதையும் தாண்டினார். அந்த முகத்தில் வந்த வெளிச்சம் இருக்கிறதே, அதைப் பார்த்த எவனுக்கும் உண்மையைச் சொல்ல வாய் வராது.

"சின்ன வயசுல இது இன்னும் வேகமா ஓடுமேடா?"

"சின்ன வயசுல எல்லாமே வேகமாத்தாண்ணா தெரியும்" என்றான் வயர், கூசாமல்.

ஒரு பொய் சொன்னால் அதைக் காப்பாற்ற ஒன்பது பொய் என்பார்கள். வயருக்கு அந்தச் சிரமம்கூட இல்லை. பெட்டி அவனுக்காகத் தினமும் பொய் சொன்னது. அண்ணன் காலையில் ஆடினார், மாலையில் ஆடினார். போன் போட்டு, "டேய், இன்னிக்குப் பாலத்தையும் தாண்டிட்டேன்டா" என்றார். உண்மையிலேயே கை கொஞ்சம் தெளிந்தும் வந்தது. சட்டைப் பித்தானை அவரே போட்டுக்கொண்டார். ஆனால் கொஞ்சம் தெளிந்த கையை அவர் முழுக்கத் தெளிந்த கையாக நினைத்தார். வருகிறவர் போகிறவரிடமெல்லாம், "என் தம்பி எனக்குக் கையைத் திருப்பிக் கொடுத்தான்" என்றார். வயர் பக்கத்தில் இருந்தால் திருடனுக்குத் தேள் கொட்டின மாதிரி உட்கார்ந்திருப்பான். கத்தவும் முடியாது, சொல்லவும் முடியாது.

அப்படி இருக்கும்போதுதான் ஒரு சனிக்கிழமை காலையில் அண்ணி போன் செய்தார்.

"உங்க அண்ணனுக்கு வாசல் கேட் ஆபீஸ்ல உக்கார்ற வேலை தர்றேன்னு மேனேஜர் கூப்பிட்டாரு. இவரு வேணாம்னுட்டாரு. திங்கட்கிழமை கிரேன் ஏறி ஓட்டிக் காட்டுறாராம். அதுல தோத்தா அதுவும் இல்ல, இதுவும் இல்லயாம். நல்லா யோசிச்சு இன்னிக்குச் சாயங்காலத்துக்குள்ள சொல்லுன்னு மேனேஜர் சொல்லியிருக்காரு. நீ வந்து நாலு வார்த்தை சொல்லேன். நீ சொன்னா கேப்பாரு."

வயர் அடித்துப் பிடித்து ஓடினான். வழியெல்லாம் எப்படிச் சொல்வது என்று ஒத்திகை பார்த்தான். ஒத்திகையில் நன்றாகத்தான் வந்தது.

அங்கே கூடத்தில் அண்ணனோடு விசில்காரர் உட்கார்ந்திருந்தார். அண்ணன் மேலே இருந்து இறக்கும் பெட்டிக்குக் கீழே நின்று, விசில் ஊதிக் கையால் சைகை காட்டுகிறவர். கூட்டாளி.

"வாடா வயரு! சரியான நேரத்துக்கு வந்த" என்றார் அண்ணன். "இவனுக்கு நம்பிக்கை இல்லயாம். ஆடிக் காட்டப்போறேன்."

"நம்பிக்கை இல்லாம என்ன மாப்ள? திங்கட்கிழமை கீழ நிக்கப்போறவன் நான். கேக்க மாட்டேனா?" என்று விசில்காரர் சிரித்தார்.

வயருக்கு அப்போதுதான் பகீரென்றது. அதுவரை அண்ணன் தோற்பார் என்றுதான் பயந்தானே தவிர, பெட்டிக்குக் கீழே ஒரு ஆள் நிற்பான் என்பது மண்டையில் ஏறவே இல்லை. இப்போதாவது வாயைத் திறந்திருக்கலாம். திறந்தானா? அதுதான் இல்லை. டிவிக்குப் பின்னால் இருந்த குட்டிப் பெட்டிக்குள் தன் போனிலிருந்தே நுழையும் வழி அவனிடம் இருந்தது. அண்ணி டீ கொண்டுவந்து வைத்துக்கொண்டிருக்க, அவன் மூலையில் உட்கார்ந்து, யாருக்கோ மெசேஜ் அனுப்புகிறவன் போல, போட்ட ஏமாற்று வேலைகளையெல்லாம் ஒவ்வொன்றாக நீக்கினான். அண்ணனே ஆடித் தோற்றுப் பார்க்கட்டும், தானாகவே கேட் வேலைக்குச் சரி என்பார், நம் குட்டும் வெளிப்படாது. அவன் போட்ட கணக்கு இதுதான். சீ, இதை எழுதவே கை கூசுகிறது.

அண்ணன் ஆட்டத்தைப் போட்டார். பச்சைச் சட்டைக்காரன் வெறி பிடித்தவன் போல ஓடி முதல் பள்ளத்தில் விழுந்தான்.

"இரு இரு, கவனிக்கல" என்றார் அண்ணன்.

மறுபடியும் அதே பள்ளம். அடுத்ததும் அங்கேயே. விசில்காரர் டீயைப் பார்த்துக்கொண்டார். "பக்கத்துல ஆள் இருந்தா எனக்கும் கை உதறும் மாப்ள, விடு" என்றார். அண்ணன் விடவில்லை. ஆட ஆட மோசமாகத்தான் ஆயிற்று. நெற்றியில் வேர்வை பூத்தது. ஜாய்ஸ்டிக்கைக் கீழே வைத்துவிட்டு வலது கையை விரித்தார், மூடினார், உற்றுப் பார்த்தார். பிறகு அண்ணியைப் பார்த்து, தாழ்ந்த குரலில் கேட்டார்.

"என் வாய் கோணியிருக்கா பாரு."

"என்ன சொல்றீங்க?"

"காலையில நல்லாத்தான் ஆடினேன். இப்போ கை சொன்ன பேச்சு கேக்கல. திரையே வேகமா ஓடுற மாதிரி இருக்கு. போன தடவையும் இப்படித்தான் திடீர்னு… மறுபடியும் வந்துடுச்சு போல."

அண்ணி "ஐயோ" என்று அலமாரிக்கு ஓடினார், ஆஸ்பத்திரி ஃபைலை எடுக்க. விசில்காரர் வண்டி பிடிக்கச் செருப்பை மாட்டினார். வயர் எழுந்து நின்றான், அவ்வளவுதான். ஆஸ்பத்திரிக்குப் போனால் ஒன்றும் இல்லை என்று சொல்லி அனுப்பிவிடுவார்கள், எல்லாம் தானாக அடங்கிவிடும் என்று அந்த நேரத்திலும் அவன் புத்தி ஒரு சந்து தேடியது. பாழாய்ப்போன புத்தி!

அண்ணன் இடது கையால் அவன் மணிக்கட்டைப் பிடித்தார். கை சில்லென்று இருந்தது.

"டேய், எனக்கு ஏதாவது ஆச்சுன்னா அண்ணியைப் பார்த்துக்கடா. உன்னை நம்பித்தான் இருக்கேன்."

அதற்கு மேல் அவனால் முடியவில்லை.

"உனக்கு ஒண்ணும் இல்லண்ணா. உன் கை காலையில இருந்த மாதிரியேதான் இருக்கு. நான்தான்… கேம்ல நான்தான் ஏமாத்து வேலை பண்ணி வச்சிருந்தேன். விழுந்தாலும் சாகாத மாதிரி, மெதுவா ஓடுற மாதிரி. இப்போ வந்து எடுத்துட்டேன்."

வாசலில் ஒரு செருப்போடு விசில்காரர் நின்றுவிட்டார். அண்ணி ஃபைலை நெஞ்சோடு அணைத்துக்கொண்டு தரையில் உட்கார்ந்து அழுதார். பயம் போன அழுகையா, கோபமா, அவருக்கே தெரிந்திருக்காது.

அண்ணன் அவன் மணிக்கட்டை விட்டார்.

"எப்போலருந்து?"

"மொத நாள்லருந்து."

"பாலம்?"

"அதுவும்தாண்ணா."

"வேற யாருக்குத் தெரியும்?"

"யாருக்கும் தெரியாதுண்ணா. சத்தியமா எனக்கு மட்டும்தான்."

அண்ணன் அடிப்பார் என்று வயர் எதிர்பார்த்தான். அடித்திருந்தால் நிம்மதியாக இருந்திருக்கும். அவர் தன் வலது கையைத்தான் பார்த்துக்கொண்டிருந்தார்.

"டாக்டர் நம்பிக்கை இருக்குன்னாரு. பயிற்சி அம்மா கொஞ்சம் நாளாகும், ஆனா வரும்னாங்க. உங்க அண்ணி தினமும் எண்ணெய் தேய்ச்சு விட்டா. இந்தக் கை தேறாதுன்னு முடிவு பண்ணினவன் நீ ஒருத்தன்தான்டா. அதுவும் மொத நாளே."

"அப்படி நினைச்சுப் பண்ணலண்ணா…"

"பின்ன எப்படி நினைச்ச?"

அண்ணன் சொன்னது உண்மை என்பது அந்தக் கேள்விக்கு முன்னால் நின்றபோதுதான் வயருக்கே தெரிந்தது. அண்ணன் தேறுவார் என்று அவன் நம்பியிருந்தால் பள்ளத்தில் விழ விட்டிருப்பான். பூமி பிளந்தால் உள்ளே போயிருப்பான்; டைல்ஸ் தரை அசையவில்லை.

அண்ணன் மேசையிலிருந்த போனை வலது கையால் எடுக்கப் போனார். வயர் பழக்கதோஷத்தில் எடுத்துக் கொடுக்கக் கை நீட்டினான். "நீ விடு" என்றார் அண்ணன். விரல்கள் தடுமாறின, போன் ஒருமுறை வழுக்கியது, பிறகு பிடிபட்டது. எண்ணைத் தேடி அழுத்த வெகுநேரம் ஆயிற்று. யாரும் உதவவில்லை.

"சார், நான்தான் சார். திங்கட்கிழமை வேணாம் சார்… இல்ல சார், கை இன்னும் சரியாகல… கேட் வேலைக்கே வர்றேன்." எதிர்முனையில் மேனேஜர் குரலை உயர்த்துவது கூடத்தில் எல்லோருக்கும் கேட்டது. கையே சரியாகாமல் கிரேன் ஏறுகிறேன் என்று எந்தத் தைரியத்தில் சொன்னாய், கீழே ஆள் நிற்பான் என்ற எண்ணம் வேண்டாமா, கை சரியாகிவிட்டது என்று உனக்கு யார் சொன்னது என்று அவர் பிடிபிடியென்று பிடித்தார். அத்தனை வருட வேலையில் அண்ணன் யாரிடமும் இப்படி ஒரு பேச்சு வாங்கியதில்லை. அவர் தலை குனிந்து கேட்டுக்கொண்டிருந்தார். இதோ தன்னைச் சொல்லிவிடுவார், இப்போது சொல்லிவிடுவார் என்று வயர் நின்றான்.

"ஆமா சார்" என்றார் அண்ணன். "யாரும் சொல்லல சார். நானாத்தான் சரியாயிடுச்சுன்னு நினைச்சுட்டேன். தப்பு என் மேலதான். மன்னிச்சுக்கங்க சார்."