எஸ்தோனிய மாப்பிள்ளை

நோர்வேத் தமிழ்ப்பெண் அனஸ்ரேசியா சினிமாவுக்குள் நுழைந்தது வேன் ஓட்டித்தான். ஒஸ்லோவில் படமெடுக்க வந்த எஸ்தோனியக் குழுவொன்றுக்குச் சாரதி தேவைப்பட்டது. ஓட்டப் போனவள், ஒரு கிழமைக்குள் மழைக்குக் கூடாரம் பிடித்தாள், தெருவை மறிக்க அனுமதி வாங்கினாள், நாயகனின் பல்வலிக்கு வைத்தியரையும் தேடிக் கொடுத்தாள். அதன்பிறகு எஸ்தோனியத் தலைநகர் தாலினிலிருந்து எந்தக் குழு வந்தாலும் முதல் அழைப்பு அவளுக்குத்தான். காலப்போக்கில் எஸ்தோனிய மொழியில் பேரம் பேசவும் பழகிவிட்டாள். திரையில் அவள் பெயர் ஓடும் நேரத்தில்தான் சனம் எழும்பி ஜக்கெற் போடும்.

அந்த மாசியில் காத்ரி என்ற இயக்குநரின் படம். ஒஸ்லோவில் வேலைசெய்யும் எஸ்தோனியத் தச்சன் ஒருவனின் கதை. அவனுடைய கல்யாணக் காட்சிக்குத் தாலினிலிருந்து ஒரு பாடகர் குழு வரவேண்டும். படப்பிடிப்புக்கு முதல்நாள் மதியம் பனிப்புயலில் விமானம் ரத்தாகிவிட்டது. மண்டபமோ மறுநாள் மட்டும்தான் கிடைக்கும். காத்ரி தலையில் கைவைத்துக்கொண்டு உட்கார்ந்துவிட்டாள்.

“தச்சன் இருப்பது ஒஸ்லோவில்தானே? அயலவர்கள் வந்து பாடட்டும்” என்றாள் அனஸ்ரேசியா. உடனே ஒஸ்லோவின் புறநகரான புருசெத்தில் இருக்கும் தாய் புஷ்பமலருக்குப் போன் எடுத்தாள்.

“அம்மா, நாளைக்கு ஒரு கலியாணவீடு. கோயில் பாட்டுக்குழுவைக் கூட்டிக்கொண்டு வாங்கோ. எல்லாரும் வடிவா உடுத்திருக்கவேணும்.”

“மாப்பிள்ளை ஆர்?”

“எஸ்தோனியாக்காரன். மற்றப் போன் அடிக்குது, வைக்கிறன்.”

மிச்சத்தைப் புஷ்பமலர் தானே ஊகித்துக்கொண்டார்.

காலையில் பாதிப் புருசெத் வந்து இறங்கியது. தடித்த குளிர்க்கோட்டுகளுக்குள் பட்டுச்சேலைகள், தட்டுத் தட்டாக ரோல்ஸ், மூன்றடுக்குக் கேக். ஜீன்சோடு நின்ற அனஸ்ரேசியாவைப் பார்த்துப் புஷ்பமலர் பதறினார்.

“பிள்ளை, நீ இன்னும் உடுக்கேல்லையே?”

அப்போதுதான் அவளுக்கு விளங்கியது. சிரிப்பை அடக்கி வாய் திறப்பதற்குள், பாட்டுக்குழுத் தலைவர் லோறன்ஸ் மாப்பிள்ளையாக நடிப்பவனின் கைகளைப் பிடித்துவிட்டார்.

“தம்பி, இவள் தேப்பனில்லாத பிள்ளை. நாங்கள் எல்லாருமாத்தான் வளர்த்தனாங்கள். கண்கலங்காமல் பாத்துக்கொள்ளவேணும், என்ன?”

தமிழில் ஒரு சொல்லும் புரியாத நடிகன் பவ்வியமாகத் தலையாட்டினான். பிறகு அவரை இறுக்கிக் கட்டிக்கொண்டான். காத்ரி சத்தமில்லாமல் கமெராவை ஓடவிட்டிருந்தாள். லோறன்ஸ் மாமா தன்னைப் பற்றி இப்படி நினைப்பார் என்று அனஸ்ரேசியாவுக்கு அதுவரை தெரியாது.

அதன்பின் உண்மையைச் சொல்லி படத்தில் வர எல்லாரிடமும் சம்மதம் கேட்டாள்.

“அப்ப சாப்பாடும் நடிப்போ?” என்றார் லோறன்ஸ்.

மண்டபமே சிரிப்பில் அதிர்ந்தது. புஷ்பமலரின் முகம் கொஞ்சம் வாடியதுதான். ஆனாலும் கமெரா தன் பக்கம் திரும்பியதும் சேலைத் தலைப்பைச் சரிசெய்துகொண்டார். பாட்டுத் தொடங்க, எஸ்தோனியர்களும் கைதட்டிச் சேர்ந்துகொண்டார்கள்.

இலையுதிர்காலத்தில் தாலினில் படம் வெளியானபோது அந்தக் காட்சிக்கு அரங்கு எழுந்து நின்றது. வெளியே வந்ததும் காத்ரி தன் அடுத்த படத்தை அனஸ்ரேசியாவிடமே ஒப்படைத்தாள். அனஸ்ரேசியா வீதியில் நின்றபடியே தாயை அழைத்தாள்.

“அம்மா, அடுத்த படத்துக்கு நான்தான் தயாரிப்பாளர்!”

“அதெண்டா என்ன செய்யவேணும்?”

“முந்திச் செய்த அதே வேலைதான். இனி ஏதும் பிழைச்சால் எல்லாரும் என்னைத்தான் ஏசுவினம்.”

“அப்ப பெரிய வேலைதான்” என்றார் புஷ்பமலர், பெருமையோடு.