தெற்கத்தி நீதிபதி

திரையில் ஃபிர்மேன் கசால்ஸ் நீதிபதி அங்கியோடு உட்கார்ந்திருந்தார். அதே ஃபிர்மேன், பழைய கம்பளிச் சட்டையில், பாரிஸ் ஒலிப்பதிவுக் கூடத்தின் மைக் முன்னால் நின்றிருந்தார்.

முப்பது வருடமாக அவருக்குக் கிடைத்த வேஷங்கள் மீன்காரர், மதுக்கடைக்காரர், திருடனைக் கோட்டைவிடும் போலீஸ்காரர். பிரான்சின் தெற்கே பெசியே ஊர்க்காரர் வாயைத் திறந்தால் ஜனங்கள் சிரிக்க வேண்டும், அதற்குத்தான் வேலை. இப்போதுதான் முதல் முறையாக ஒரு நீதிபதி.

"கோவிச்சுக்காதீங்க ஃபிர்மேன்," என்றான் இயக்குநர் கிஸ்லான். "சேனல்காரங்க பார்த்தாங்க. நடிப்பு பிரமாதமாம். ஆனா தீர்ப்பு சொல்றப்போ மீன் விக்கிற மாதிரி இருக்காம். பாரிஸ்காரங்க மாதிரி ஒரு தடவை பேசிக் குடுத்துடுங்களேன்."

"ஏன், பெசியேல கோர்ட்டே கிடையாதா? எங்க ஊர் நீதிபதியெல்லாம் ஊமையா?"

ஒலிப்பதிவாளர் ஒதில் சிரித்துவிட்டாள். கிஸ்லான் சிரிக்கவில்லை.

படத்துக்குக் கீழே வசனம் ஒரு பட்டையாக ஓடும். நடுவில் செங்குத்தாக ஒரு கோடு. சொல் வந்து அந்தக் கோட்டைத் தொடும்போது பேச வேண்டும். அப்போது குரல் உதட்டில் சரியாக உட்காரும். ஃபிர்மேன் பல்லைக் கடித்துக்கொண்டு பாரிஸ் பேச்சில் பேசினார். உட்காரவில்லை. பாரிஸ்காரர்கள் சொல்லின் வாலை விழுங்கிவிடுவார்கள். தெற்கத்தியார் வாலையும் விடாமல் உச்சரிப்பார்கள். குரல் நின்ற பிறகும் திரையிலிருந்த நீதிபதியின் வாய் இன்னொரு முறை திறந்து மூடியது, கரையில் போட்ட மீன் போல.

"யார் பேசினாலும் இது ஒட்டாது கிஸ்லான்," என்றாள் ஒதில்.

"அப்போ அவர் மூஞ்சியத் தூக்கிடலாம். தீர்ப்பு கேக்கறப்போ கதாநாயகி அழறால்ல, அதப் போட்டுடு."

ஃபிர்மேனுக்குக் காது சுட்டது. "குரல் வேணாம், மூஞ்சியும் வேணாம். அப்புறம் எதுக்குய்யா என்னை நீதிபதியாக்கின?"

"அடுத்த மாசம் ஓட்டல்காரர் வேஷம் இருக்கே! அதுல ஆசைதீர இழுத்து இழுத்துப் பேசுங்க."

"அந்த ஓட்டலை இப்பவே பூட்டிடு! தீர்ப்பு என் வாயால வரணும், என் மூஞ்சியோட வரணும். இல்லைன்னா ஓட்டல்காரனும் இல்லை, மீன்காரனும் இல்லை. எவனாவது பாரிஸ்காரன் எங்க ஊர்ப் பேச்சை நடிச்சுக் காட்டுவான், கூப்பிட்டுக்கோ."

"வருஷம் பூரா சும்மா உட்காரணும் ஃபிர்மேன். யோசிங்க."

"யோசிச்சுட்டேன்."

மேல்கோட்டை எடுத்து மாட்டிக்கொண்டு வெளியே வந்தார். நடைவழியில் ஒட்டத் தாடி மழித்த ஒருவன் காப்பிக் கோப்பையோடு எழுந்து நின்றான்.

"வணக்கம் ஐயா. நீதிபதிக்குக் குரல் குடுக்க வந்திருக்கேன்."

"எப்போ கூப்பிட்டாங்க?"

"போன வாரமே."

ஃபிர்மேன் திரும்பிக் கதவை இழுத்துத் திறந்தார். "போன வாரமேவா! அப்புறம் எதுக்கு இன்னிக்கு என்னை மீன் மாதிரி வாயசைக்க வெச்ச, அயோக்கியப் பயலே?" என்று பெசியே பேச்சிலேயே கத்தினார். கிஸ்லான் திரையை விட்டுக் கண்ணை எடுக்கவில்லை.

கதவை அறைந்து சாத்தப் பலங்கொண்ட மட்டும் தள்ளினார். ஒலி வெளியேறாமலிருக்கச் செய்த கனத்த கதவு அது. அறைய முடியாது. தன் பாட்டுக்கு மெல்ல நகர்ந்து, சத்தமே இல்லாமல் மூடிக்கொண்டது. ஃபிர்மேன் அதை ஓங்கி உதைத்தார். அதற்கும் சத்தம் வரவில்லை.