எலியிடம் கேட்ட உத்தரவு

எத்தனை முறை தண்ணீர் தெளித்தோம் என்பது எனக்கு உறுதியாக நினைவில்லை. மூன்று என்பான் அழகுபாண்டி. அதற்கு மேல் என்றே எனக்குத் தோன்றுகிறது. எலி தலையை ஆட்டியதா, வெறுமனே நடுங்கியதா என்பதிலும் சந்தேகம்தான்.

பசுமலைக்கு அப்பால் ஒரு பொறியியல் கல்லூரியில் கடைசி ஆண்டு படித்தோம். பெரிய பலூனில் தெர்மகோல் பெட்டியைக் கட்டி, வானத்தின் விளிம்புவரை அனுப்புவது திட்டம். கேமரா மட்டும் போனால் யார் பார்ப்பார்கள் என்று, குழுவை நடத்திய அழகுபாண்டி ஒரு வெள்ளை எலியையும் சேர்த்தான். அதை ஹாஸ்டல் அறையில் வளர்த்தவள் அஸ்வினி. பறக்கவிடும் அன்று காலை பெட்டியை மடியில் வைத்துக்கொண்டு தர மறுத்தாள்.

“ரஷ்யாக்காரன் விண்வெளிக்கு அனுப்புன நாய் நாள்கணக்கா உயிரோட இருந்துச்சுன்னாங்க. சூடு தாங்காம சில மணி நேரத்துலயே செத்துருச்சு. அந்த உண்மை வெளிய வரவே நாப்பது வருசத்துக்கு மேல ஆச்சு.”

“நேத்து சிக்கன் பிரியாணி தின்னவ பேசுறா,” என்றான் அழகுபாண்டி.

காசிமாயன் குறுக்கே வந்தான். “விடு மாப்ள. எங்க ஊர்ல கிடாவே தண்ணி தெளிச்சுத் தலையை ஆட்டுனாத்தான் வெட்டுவோம். எலிகிட்டயும் உத்தரவு கேட்ருவோம்.”

எல்லோரும் சிரித்தோம். அஸ்வினி சிரிக்கவில்லை. அவள் வீட்டுக் கிடா ஒன்று கருப்பசாமி முன்னால் எத்தனை முறை தெளித்தும் அசையாமலே நின்று, உயிரோடு வீடு திரும்பியிருந்தது.

“ஆட்டலைன்னா விட்ரணும். ஆட்டுனா நானே மூடுறேன்,” என்றாள்.

தெளித்தோம். எலி அசையவில்லை.

“ஆட்டல,” என்றாள்.

“ஒரு தடவையோட எந்தக் கோயில்ல விட்டாக? ஆட்டுற வரைக்கும் தெளிக்கிறதுதான முறை?” என்றான் காசிமாயன்.

அது அவளுக்கும் தெரியும். மறுபடி தெளித்தோம். மறுபடியும். காதில் தண்ணீர் இறங்கியதும் எலி சிலிர்த்தது.

“குடுத்துருச்சு. அம்புட்டுதான்,” என்றான் காசிமாயன்.

துப்பட்டாவால் துடைக்கப் போனாள். காற்று மாறுகிறது, நேரமில்லை என்றான் அழகுபாண்டி. சொன்ன சொல்லுக்காக அவளே மூடியை ஒட்டினாள். சூடு தரும் பொட்டலம் ஒன்று உள்ளே இருந்தது. காய்ந்த உடம்புக்கு அது போதுமாக இருந்திருக்கலாம். நாங்கள் ஈரத்தோடு அனுப்பினோம்.

செக்கானூரணிப் பக்கம் ஒரு வறண்ட கண்மாயில் பெட்டி கிடைத்தது. எலி விறைத்திருந்தது. மூடியின் உட்புறம் முழுக்க நகக்கீறல்.

அழகுபாண்டி பெங்களூரில் வேலை பார்க்கிறான். காசிமாயனுக்குப் பழங்காநத்தத்தில் மொபைல் கடை. அஸ்வினி கடைசித் தேர்வுகளை எழுதவில்லை. யாருடைய அழைப்பையும் எடுப்பதில்லை. எலியைக் கண்மாய்க் கரையிலேயே புதைத்தோம். எத்தனை முறை தெளித்தோம் என்று நான் இன்னும் எண்ணிக்கொண்டிருக்கிறேன்.