பச்சியப்பனின் தூசி மெஷின்

பச்சியப்பன் வாயை மட்டும் கொஞ்சம் மூடி வைத்திருந்தால் இந்த வம்பே வந்திருக்காது. கோலாரில் வெள்ளைக்கார துரை பங்களாவில் கரண்ட் மெஷினெல்லாம் ஓட்டியவன் என்று தர்மபுரியில் அவன் அளக்காத இடமில்லை. அங்கே அவன் பார்த்த வேலை ரோஜாச் செடிக்குத் தண்ணீர் ஊற்றுவது. தூசி உறிஞ்சும் மெஷினை ஜன்னலுக்கு வெளியே நின்று பார்த்திருக்கிறான், அவ்வளவுதான்.

அந்த அளப்பை நம்பி ஜானகியம்மாள் ஆளனுப்பிவிட்டாள். ஊருக்குக் கரண்ட் வந்த கையோடு பெங்களூரிலிருந்து மெஷின் வாங்கிப் போட்ட பணக்காரி.

“பொழுது சாயறதுக்குள்ள இந்தக் கம்பளத்தைச் சுத்தம் பண்ணிக் காட்டுப்பா. வேலை உனக்குத்தான். முடியலைன்னா சொல்லிப்புடு.”

முடியவில்லை என்றால் பொம்மிடியில் மாமனார் வீட்டு ஆடுகள்தான் கதி. மாமனார் வாய்விட்டு எதுவும் சொல்லமாட்டார். மாப்பிள்ளை தட்டில் களி விழும்போது ஒரு பார்வை பார்ப்பார். அதற்குப் பதில் நாலு அடி வாங்கிக்கொள்ளலாம்.

சுவரில் தனியாக ப்ளக் கிடையாது. கூடத்துப் பல்பைக் கழற்றிவிட்டு, அந்த இடத்தில்தான் மெஷினின் ஒயரை மாட்ட வேண்டும். பச்சியப்பனுக்குக் கரண்ட் என்றாலே உதறல். சுவரிலிருந்த விளக்குப் பட்டன் அணைந்திருக்கிறதா என்று திரும்பத் திரும்பப் பார்த்துவிட்டுத்தான் ஏணியில் ஏறினான். ஒயரை மாட்டினான். இறங்கி வந்து மெஷினில் இருந்த பட்டனைப் போட்டான். மூச்சைக் காணோம்.

தட்டினான், கவிழ்த்தான், பிரஷைப் பிடுங்கி ஊதினான். எண்ணெய் விட்டான். கற்பூரம்கூடக் காட்டினான். அடைப்போ என்னவோ என்று தூசிப் பையையும் கழற்றிப் போட்டான். ஜானகியம்மாள் எட்டிப் பார்த்தபோதெல்லாம், “சூடாவுதுங்கம்மா” என்றான். மெஷின் ஐஸ் மாதிரி கிடந்தது. ‘செடிக்குத் தண்ணி ஊத்தின மூஞ்சிக்கு மெஷின் ஒரு கேடா?’ என்று தன்னையே திட்டிக்கொண்டான்.

கூடம் இருட்டிக்கொண்டு வந்தது. பை இருந்த ஓட்டைக்குள் கடைசியாக ஒரு தடவை குனிந்து பார்த்தான். அந்த நேரம் ஜானகியம்மாள் சாமி விளக்கை ஏற்றிவிட்டு வந்து, தினமும் செய்கிறபடி, “மகாலட்சுமி தாயே” என்று கண்ணை மூடிக்கொண்டே சுவர்ப் பட்டனைத் தட்டினாள்.

ஐயோ! மெஷின் அலறியது. கம்பளத்துத் தூசி மொத்தமும் ஓட்டை வழியாக அவன் முகத்தில் அடித்தது. விளக்கு வைத்தால் கும்பிட்டே பழகிய கை. கண் தெரியாமல் அப்படியே கும்பிட்டபடி உட்கார்ந்திருந்தான்.

ஜானகியம்மாள் பட்டனை அணைத்தாள். போட்டாள். மறுபடி அணைத்தாள்.

“ஏப்பா, காலையிலிருந்து இந்தப் பட்டனைப் போடவே இல்லியா?”

அப்போதும் ஒரு பொய் நாக்கு நுனி வரை வந்தது. தூசி தொண்டையை அடைத்ததால் தப்பித்தான்.

“இல்லீங்கம்மா. துரை வூட்டுல நான் ரோஜாச் செடிக்குத் தண்ணி ஊத்தினவனுங்க. மெஷினைத் தொட்டதுகூட இல்லீங்க.” சொல்லும்போதே மாமனார் முகம் கண்முன் வந்து நின்றது.

ஜானகியம்மாள் முந்தானையால் வாயைப் பொத்திக்கொண்டு, சிரித்து முடிக்கிற வரை சிரித்தாள்.

“இதைக் காலையிலயே சொல்லியிருக்கலாமில்ல? வீட்டுக்குப் பின்னாடி என் ரோஜாச் செடியெல்லாம் காய்ஞ்சு கெடக்குது. நாளைக்கு வெள்ளன வந்துடு. பயப்படாத, அங்க பட்டன் கிட்டன் ஒண்ணும் கெடையாது.”