நாரேயின் சிவப்பு முத்திரை

மகளின் பல் விழுந்ததுதான் தாமதம், கும்ஜு கைபேசியைத் தூக்கிக்கொண்டு ஓடிவந்தாள். நாரே சட்டென்று குழம்புச் சட்டி மூடியால் முகத்தை மறைத்துக்கொண்டாள்.

"முக உரிமை! என்னைக் கேக்காம எடுக்கக் கூடாது. டீச்சர் சொன்னாங்க."

"அடி ஆத்தாடி! பெத்தவகிட்டயே உரிமை பேசுறியா?"

இரண்டாம் வகுப்புப் படிக்கிற குட்டிக்கு வாயைப் பாரேன்! கும்ஜுவுக்குச் சிரிப்புத் தாங்கவில்லை. ஆனால் இந்தப் பல்லுக்காக முப்பதாயிரம் பேர் காத்திருந்தார்கள். அது ஆடத் தொடங்கிய நாளிலிருந்தே தன் சேனலில் சொல்லிவைத்திருந்தாள்: நாரே பல்லைக் கூரைமேல் எறிவாள், கச்சிப் பறவை அதை எடுத்துக்கொண்டு புதுப்பல் தரும், எல்லோரும் பார்க்கலாம் என்று.

"ஒரே ஒரு தடவைடி செல்லம். எல்லாரும் உன்னைப் பாக்கத்தானே காத்துக்கிட்டிருக்காங்க."

மூடிக்குப் பின்னாலிருந்து குரல் வந்தது.

"தெரியும். நேத்து கிம்பாப் சோறு விக்கிற கடையில ஒரு மாமா, 'பல்லு இன்னும் விழலையா நாரே?'ன்னு கேட்டாரு. அவரு யாருன்னே தெரியாதும்மா. 'மஞ்சக் கேட்டு வீடுதானே?'ன்னாரு. நான் ஓடி வந்துட்டேன்."

கும்ஜு அங்கேயே தரையில் உட்கார்ந்து பழைய வீடியோக்களைப் பார்த்தாள். மஞ்சள் கேட். சட்டையில் பள்ளிக்கூடப் பெயர். மொக்போ என்று ஊர்ப் பெயர் தெரியும் பஸ் நிறுத்தம். ஒன்றில் குழந்தை மூக்கொழுக அழுதுகொண்டிருந்தாள். அதற்குத்தான் லைக் அதிகம். முகவரியை அச்சடித்துக் கொடுக்காத குறைதான், மடச்சி, என்று தன்னையே திட்டிக்கொண்டாள். இதையெல்லாம் அழகு என்றல்லவா நினைத்திருந்தாள்! நாரே இருந்த வீடியோக்களை ஒன்றுவிடாமல் அழித்தாள். மிஞ்சியது முள்ளங்கிக் கிம்ச்சி ஊறுகாய் போடும் வீடியோக்கள் இரண்டு.

நாரே மூடியை மெல்ல இறக்கினாள். உள்ளே ஓடி, தனக்கு வங்கிக் கணக்குத் தொடங்கியபோது கையெழுத்துக்குப் பதிலாகச் செதுக்கிய பெயர் முத்திரையையும் சிவப்பு மையையும் எடுத்துவந்தாள்.

"இனிமே எடுக்கணும்னா எழுதிக் கேளு. பிடிச்சா முத்திரை குத்துவேன்."

"சரிங்க ஆபீசரம்மா. கிம்ச்சியை எடுக்கவும் கேக்கணுமா?"

"அதைக் கிம்ச்சிகிட்ட கேட்டுக்கோ."

"இந்தப் பல்லுக்கு?"

"முடியாது."

அம்மா கேட்க மறந்துவிடுவாளோ என்று, அவள் புறங்கையிலேயே முத்திரையால் ஒரு குத்துக் குத்தினாள்.

முற்றத்தில் நின்று நாரே எறிந்த பல், கூரை ஓட்டில் டக்கென்று பட்டுத் திரும்பி அவள் தலையிலேயே விழுந்தது. பொக்கை தெரிய விழுந்து விழுந்து சிரித்தாள். அடடா, என்ன சிரிப்பு! கும்ஜுவின் கை தானாகச் சட்டைப்பையிலிருந்த கைபேசிக்குப் போனது. புறங்கையில் சிவப்பாக, கொஞ்சம் கோணலாக, நாரே என்றிருந்தது. மை இன்னும் காயவில்லை. அந்தக் கையாலேயே தரையில் பல்லைத் தேடத் தொடங்கினாள்.