மணிக்காரர் வைத்த பெயர்

பெயரை இன்னொரு தடவை சொல்லச் சொன்னார் மருத்துவமனை குமாஸ்தா. அவள் சொன்னாள். மூன்றாவது தடவையும் கேட்டார்.

"கொண்டல், சார். கொண்டல்னே எழுதுங்க."

"இப்படி ஒரு பேரை இப்பதான் கேள்விப்படறேன். என்ன அர்த்தம்மா?"

"தெரியல சார்."

தெரியாமல் என்ன. கிழக்கிலிருந்து மழையைக் கூட்டிக்கொண்டு வருகிற காற்றுக்கு அந்தப் பெயர். ஆனால் விடியற்காலையில் அப்பாவைப் பறிகொடுத்துவிட்டு, உடலை வாங்கிப்போக நிற்கிறவளுக்கு அகராதி விரிக்கத் தெம்பு வேண்டுமே. கையெழுத்துப் போட்டுவிட்டு வெளியே வந்தாள்.

அப்பா உப்பளத்தில் மணிக்காரர். எல்லோரையும் போல உப்பு வாரிக் குவிப்பார். அதோடு காற்றையும் பார்த்துக்கொள்வார். காற்று கிழக்குக்குத் திரும்பிய கணம் மணியை அடிக்க வேண்டும். அடித்ததும் ஆளாளுக்குத் தங்கள் குவியலுக்கு ஓடித் தார்ப்பாய் போட்டு மூடிவிடுவார்கள். மாதக்கணக்கில் வெயிலில் வெந்து சேர்த்ததை அரைமணி நேரத்தில் கரைத்துவிட்டுப் போகிற காற்று அது. அந்தக் காலத்தில் உப்பளத்தில் அதன் பெயரை வாயால்கூடச் சொல்ல மாட்டார்களாம். 'அது வருது' என்பார்களாம். இதெல்லாம் அத்தை சொல்லித்தான் அவளுக்குத் தெரியும். அத்தை அதோடு விட்டிருந்தால் பரவாயில்லை. "நீ பொறந்த அன்னிக்கு உங்கப்பனோட குவியல் மொத்தமும் கரைஞ்சு போச்சு. அந்த எரிச்சல்லதான் இப்படி ஒரு பேரை வச்சான்" என்று எட்டு வயதில் அவள் தலையில் இறக்கி வைத்துவிட்டாள்.

அப்பாவிடம் கேட்டால் சிரிப்பார். "நல்ல பேரு. வச்சுக்கோ" என்பார், ஏதோ மிட்டாய் கொடுத்த மாதிரி. அம்மாவிடம் கேட்கலாமென்றால், அவளுக்கு நான்கு வயதாக இருக்கும்போதே அம்மா போய்விட்டாள். பள்ளிக்கூடத்தில் அந்தப் பெயரைக் 'கிண்டல்' ஆக்கினார்கள். இப்போது மூக்குக்கண்ணாடிக் கடையில் வேலை. லென்ஸைத் தேய்த்துச் சட்டத்துக்குள் உட்கார வைப்பவளை அங்கே எல்லோரும் 'கண்ணாடிக்கா' என்பார்கள். அது அவளுக்கு நிம்மதியாக இருந்தது.

கைப்பையில் இரண்டு மாதமாக ஒரு படிவம் கிடந்தது. பெயர் மாற்ற விண்ணப்பம். காரணம் என்ற இடத்தைத் தவிர எல்லாம் நிரப்பியாகிவிட்டது. அப்பாவிடம் கடைசியாக ஒரு தடவை கேட்டுவிட்டுக் கொடுக்கலாம் என்று வைத்திருந்தாள். அதற்குள் அவருக்குப் பேச்சு நின்றது. இன்றைக்கு மூச்சும் நின்றுவிட்டது. பிறந்தது முதல் நான் அவருக்கு நஷ்டம்தானா? இனி இதை யாரிடம் போய்க் கேட்பது என்று நினைத்தபோதுதான் அவளுக்கு அழுகை வந்தது.

மூன்று மணிக்கு எடுப்பதாக ஏற்பாடு. முன்னறையில் அப்பா படுத்திருந்தார். வாசலில் போட்டிருந்த நாற்காலிகளில் உப்பளத்து ஆட்கள் பத்துப் பேர் கைகட்டி உட்கார்ந்திருந்தார்கள்.

இரண்டு மணி இருக்கும். காலையிலிருந்து ஆடிக்கொண்டிருந்த தெற்கு ஜன்னலின் திரை தொங்கிப்போயிற்று. சற்று நேரத்தில் எதிலும் பட்டுக்கொள்ளாமல் கிடந்த கிழக்கு ஜன்னலின் திரை மெல்ல உப்பியது. வாசலில் பத்துத் தலைகளும் ஒன்றாக வானத்தைப் பார்த்தன. பிறகு ஒன்றும் பார்க்காத மாதிரி குனிந்துகொண்டன.

அப்பாவின் கூட்டாளியை அவள் நெட்டை மாமா என்று கூப்பிடுவாள். அவரிடம் போய் நின்றாள்.

"குவியலெல்லாம் மூடியிருக்கா மாமா?"

"இல்லம்மா. காலையில வானம் பளிச்சுன்னு இருந்துச்சு, அப்படியே வந்துட்டோம். அது கெடக்கட்டும். உங்கப்பாவை அனுப்பிட்டுப் பாத்துக்கலாம்."

அத்தை உள்ளேயிருந்து முந்தானையால் மூக்கைத் துடைத்துக்கொண்டே சொன்னாள். "பொறந்த அன்னிக்கு அப்பனோடதைக் கரைச்சா. இன்னிக்கு ஊரோடதைக் கரைக்கப் போறா. பேரு அப்படி."

நெட்டை மாமா எழுந்தார். எழுந்தால் வாசல் நிலையில் தலை இடிக்கிற உயரம்.

"அக்கா, இத்தனை வருஷமா இதையேதான் சொல்லிட்டிருக்கீங்களா?"

"நடந்ததைத்தானே சொல்றேன்."

"நடந்ததை நான் சொல்றேன்." அவர் அவளைப் பார்த்துத் திரும்பினார். "அன்னிக்குக் காலையிலேயே உங்கம்மாவுக்கு வலி எடுத்துடுச்சுன்னு ஆள் வந்து சொல்லிட்டுப் போனாங்க. மேஸ்திரி விடல. நீ போயிட்டா மணியை யாரு பாக்கறதுன்னான். உங்கப்பன் மணிக் கம்பத்துக்கிட்டயே தவிச்சுக்கிட்டு நின்னான். மத்தியானம் காத்து திரும்புச்சு. மணியை அடிச்சான். நாங்க எல்லாரும் குவியலுக்கு ஓடினோம். அவன் மட்டும் எதிர்ப்பக்கம் ஓடினான்."

"ஆஸ்பத்திரிக்கா?"

"வேற எங்க? அங்க உங்கம்மாவுக்கு ரத்தம் போயிக்கிட்டே இருந்திருக்கு. இவன் ரத்தம் சேர்ந்துச்சு, குடுத்தான். கொஞ்சம் பிந்தியிருந்தா நீயும் இல்ல, அவளும் இல்லன்னு டாக்டர் சொல்லியிருக்காரு. அந்தக் காத்து மட்டும் வரலைன்னா சாயங்காலம் வரைக்கும் கம்பத்துக்கிட்டயே நின்னிருப்பேன்டான்னு என்கிட்ட சொல்லிச் சொல்லி அழுதான். அதான் அந்தப் பேரு."

அத்தை அப்பாவின் தலைமாட்டு விளக்கில் எண்ணெய் ஊற்றப் போனாள்.

"என்கிட்ட ஏன் மாமா சொல்லல?"

"நானும் கேட்டேன். சொன்னா, உனக்காகக் குவியலை விட்டேன்னு சொல்லிக்காட்டுற மாதிரி ஆயிடும்னான். அதுக்கப்புறம் உப்பளத்துல யாரும் 'அது'ன்னு சொல்றதில்லம்மா. 'மணிக்காரர் மக வர்றா, மூடுங்க'ன்னுதான் சொல்வோம். திட்ட வாய் வராது."

அவள் உள்ளே போய் அப்பாவின் முகத்தைப் பார்த்தாள். ஒன்றும் தெரியாதவர் போலப் படுத்திருந்தார். அவள் வாசலுக்கு வந்தாள்.

"கொண்டல் வந்துடுச்சு," என்றாள். "எல்லாரும் போய் மூடிட்டு வாங்க. அப்பா இருப்பாரு. அவருக்கு ஒண்ணும் அவசரமில்ல."

அவர்கள் ஒருவரை ஒருவர் பார்த்துக்கொண்டார்கள். "அதான் மணிக்காரர் மக சொல்லியாச்சே, கிளம்புங்க" என்றார் ஒருவர். செருப்புகளைத் தேடி மாட்டிக்கொண்டு ஓடினார்கள். நெட்டை மாமா மட்டும் நகரவில்லை.

"நீங்க போகலையா?"

"அன்னிக்கு என்னோடதை மூடிட்டுத்தான் அவனோடதுக்குப் போனேன். அதுக்குள்ள கரைஞ்சு போயிடுச்சு. என்னோடதை மொதல்ல மூடினது இன்னும் உறுத்திக்கிட்டேதான் இருக்கு." அவர் அப்பாவின் தலைமாட்டில் ஒரு நாற்காலியை இழுத்துப் போட்டு உட்கார்ந்தார். "இன்னிக்கு நான் இங்கதான்."

ஒரு மணி நேரம் கழித்து ஒன்பது பேரும் திரும்பி வந்தார்கள். சட்டையெல்லாம் நனைந்திருந்தது. முழங்கால் வரை வெள்ளையாக உப்பு. நெட்டை மாமாவின் குவியலையும் மூடிவிட்டார்களாம். கால் கழுவிக்கொண்டு, அப்பாவைத் தூக்க வரிசையாக வந்து நின்றார்கள்.

எல்லாம் முடிந்ததும் மயான அலுவலகத்தில் பதிவு செய்ய வேண்டியிருந்தது. சின்ன அறை. ஜன்னல் கதவு காற்றில் அடித்துக்கொண்டேயிருந்தது. எழுத்தர் பெரிய பதிவேட்டைப் பிரித்தார்.

"இறந்தவருக்கு நீங்க என்ன வேணும்?"

"மக."

"பேரு?"

"கொண்டல்."

"அப்படின்னா?"

அவள் ஜன்னலைக் காட்டினாள். "வெளிய அடிக்குது பாருங்க, அதுதான்."

அவர் எட்டிப் பார்த்துவிட்டுத் தலையாட்டிக்கொண்டே எழுதினார். கதவு மறுபடி படாரென்று அடித்தது. "இதோட ரோதனைம்மா. மூடினா புழுங்குது. ஏதாவது தாள் இருந்தா குடுங்க, கீல்ல சொருகி வைப்போம்."

கைப்பையைத் திறந்து அந்தப் படிவத்தை எடுத்தாள். நான்காக மடித்தாள். பற்றவில்லை, எட்டாக மடித்தாள். அவரிடம் கொடுக்காமல் தானே எழுந்து போய்க் கீலின் இடுக்கில் வைத்து, லென்ஸைச் சட்டத்தில் பொருத்துகிற நிதானத்தோடு கட்டைவிரலால் அழுத்தினாள். கதவைத் தொட்டு அசைத்துப் பார்த்தாள். அது அரைவாசி திறந்தபடி ஆடாமல் நின்றது.

காற்று உள்ளே வந்தது. எழுத்தர் பதிவேட்டின் பக்கம் பறக்காமல் ஒரு கையால் பிடித்துக்கொண்டார். மை காயும்வரை அவள் ஜன்னலருகிலேயே நின்றாள்.